பிஸ்கட் டின்னில் இருந்த வில்லை

எனக்குக் கோர்வையாக எழுத வராது. தோட்டப் பள்ளியில் ஆறாம் வகுப்போடு சரி. பாதி மறந்தும் போயிற்று, பொறுத்துக்கொள்ளுங்கள்.

நேற்று புக்கிட் பெருந்துங்கில் மகள் வீட்டு வாசலில் உட்கார்ந்திருந்தேன். பக்கத்து வீட்டுப் பெண் நாயைக் குளிப்பாட்டினாள். ஈர நாயின் வாடை வந்தால் எனக்கு அழுகை வராது, கோபம்தான் வரும்.

கோலசிலாங்கூர் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் நான் பால்மரம் வெட்டிய காலம் அது. காலையில் வேலைக்குப் போகும்போது எங்கள் நாய் சின்னான் முன்னால் போகும். பாம்பு கிடந்தால் நின்று குரைக்கும். அது நகராமல் நானும் நகரமாட்டேன். மழையில் நனைந்து திரும்பினால் அடுப்படியில் எனக்கு முன்னால் இடம் பிடித்துவிடும், திருட்டு நாய்!

ஒரு வருஷம் நாங்கள் குடியிருந்த லயத்து வரிசை வீடுகளின் நாய்களுக்கெல்லாம் லைசன்ஸ் எடுக்கச் சொன்னார்கள். என் வீட்டுக்காரர் சைக்கிளில் டவுனுக்குப் போய் வாங்கிவந்தார். சின்னத் தகர வில்லை. கழுத்தில் கட்டினால் புதரில் அறுந்துவிடும் என்று, பிறப்புப் பத்திரம் வைக்கும் பிஸ்கட் டின்னில் போட்டு மூடினார். எங்கள் இருவருக்கும் குடியுரிமை இல்லை, சிவப்புக் கார்டுதான்.

"நம்மளவிட அதுக்குத்தான் சரியான பேப்பரு இருக்கு லா" என்றேன்.

"சிரிக்காத புள்ள. தொலைஞ்சா மறுபடி எவன் குடுப்பான்?"

ஒரு நாள் மத்தியானம் ரப்பர் பாலை எடைபோட்டு நிறுத்துக் கொடுத்துவிட்டு வந்தால், லயத்து முனையில் கழுத்தில் வில்லை இல்லாத நாய்களைச் சுட வந்த ஒருவன் துப்பாக்கியோடு, பக்கத்தில் எங்கள் வேலையை மேற்பார்க்கும் மண்டோர். சின்னான் வாசலில் உட்கார்ந்திருந்தது. ஓடக்கூட இல்லை.

"லைசன்ஸ் இருக்குங்க! உள்ள இருக்கு, சுடாதீங்க!" என்று கத்திக்கொண்டே உள்ளே ஓடினேன். டின் மூடி துருவேறித் திறக்கவில்லை. பல்லால் நெம்பினேன். வில்லை கைக்கு வந்தபோது வெளியே வெடிச்சத்தம்.

சுட்டவன் வில்லையை வாங்கித் திருப்பிப் பார்த்துவிட்டு என் கையிலேயே கொடுத்தான். "கழுத்துல கெடக்க வேண்டியத பொட்டியில வச்சா நான் என்னம்மா செய்யிறது?" என்றார் மண்டோர்.

ஒரு நிமிஷம் நின்றால் என்ன குறைந்துவிடும் அவர்களுக்கு? குற்றம் தன்னுடையதுதான் என்று என் வீட்டுக்காரரையே நம்பவைத்துவிட்டார்கள். சாகும்வரை "நான் கட்டியிருக்கணும்" என்றே சொல்லிக்கொண்டிருந்தார். அதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை.

இன்று அங்கே லயம் இல்லை, ரப்பரும் இல்லை. எல்லாம் எண்ணெய் எடுக்கும் செம்பனை. யாரைப் போய்க் கேட்பது?

அந்தத் தோட்டத்து ஆட்கள் யாராவது இதைப் படித்தால் சரிபார்த்துச் சொல்லுங்கள். எந்த வருஷம் என்பது எனக்கு நினைவில்லை, அது போகட்டும். நாய் சுட வரும் செய்தியை முதல் நாள் காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டில் சொன்னார்களா? எங்கள் காதில்தான் விழவில்லையா, இல்லை, சொல்லவே இல்லையா?