தண்ணீர் கொடுத்த கங்காணி

என் நாவல்களை இப்போது நானேதான் தட்டச்சு செய்கிறேன். ஒற்றை விரலால் நான் தட்டுவதைப் பார்த்து, "டீச்சர், யாருகிட்டயாவது குடுங்களேன், சட்டுனு முடிச்சிருவாங்க" என்று சொல்கிறவர்கள் உண்டு. ஒரு தடவை கொடுத்துப் பட்டது போதும் சாமி.

முதல் நாவலைத் தட்டச்சு செய்தவள் என் சிநேகிதி. மாத்தளைப் பக்கத்துத் தோட்டப் பள்ளிக்கூடம் ஒன்றில் இருவரும் ஒன்றாக வேலைக்குச் சேர்ந்தோம். மழைக்கு ஒரே குடை, மத்தியானத்துக்கு ஒரே சாப்பாட்டுப் பெட்டி. அவளிடம் கணினி இருந்தது, எனக்குக் கையெழுத்து மட்டும்தான் வரும். பள்ளிக்கூடம் விட்டதும் அவள் வீட்டுக்குப் போய் நான் வாசிப்பேன், அவள் அடிப்பாள். "ஏண்டி, இவங்க இன்னும் எவ்வளவு தூரந்தான் நடப்பாங்க? அடிக்கிற எனக்கே காலு வலிக்குது" என்று கேலி செய்வாள்.

வெள்ளைக்காரர் கோப்பித் தோட்டம் போட்ட காலத்தில் இந்தியாவிலிருந்து வந்து மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியாக மாத்தளைக்கு நடந்து வந்த எங்கள் ஆட்களைப் பற்றிய நாவல் அது. தகவல் தேடிப் பெரியவர்களிடம் போனால், "அதெல்லாம் எதுக்கும்மா இப்ப? எம் மகனுக்கு ஒரு வேல பாத்துக் குடுங்க" என்பார்கள். நூலகத்தில் துரைமார் எழுதிய புத்தகங்கள் கிடைத்தன. அவற்றில் மழை இருந்தது, கோப்பி விலை இருந்தது, குதிரைக்கு வந்த நோய்கூட இருந்தது. நடந்து வந்தவர்களைத்தான் காணவில்லை.

கடைசியில் நான் தேடிய கதை எங்கள் வீட்டிலேயே இருந்தது. அப்பா தோட்டத்திலிருந்து ஓய்வு பெற்று, நாவுலையில் சின்னக் காணி வாங்கி மிளகாயும் கத்தரியும் போட்டிருந்தார். மாத்தளையிலிருந்து பஸ்ஸில் வரும்போதெல்லாம், நாவுலைக்குக் கொஞ்சம் முன்னால் ஒரு வளைவில் எழுந்து நிற்பார். வளைவு கடந்ததும் உட்காருவார். "சீயா, வாடிவென்ன!" என்று, தாத்தாவை உட்காரச் சொல்லி நடத்துனர் சிங்களத்தில் சத்தம் போடுவார். அப்பா காதில் வாங்கமாட்டார். ஏதோ கோயில் கும்பிடுகிறார் என்றுதான் நான் நினைத்திருந்தேன். நாவல் எழுதுகிறேன் என்று சொன்ன அன்றுதான் விஷயத்தைச் சொன்னார்.

"எங்க பூட்டன் நடந்து வரயில அவரு தங்கச்சியும் கூட வந்திச்சு. சின்னப் புள்ள. அந்த வளைவுகிட்ட காய்ச்சல்ல விழுந்திருச்சு. போட்டுட்டு வாங்கன்னான், ஆள் கூட்டியாந்த கங்காணி. பூட்டனும் போட்டுட்டு வந்துட்டாரு. உசுரோட, புள்ள. 'அண்ணே, தண்ணி, அண்ணே, தண்ணி'ன்னு கத்திக்கிட்டே இருந்திச்சாம். காது கேக்குற தூரம் வரைக்கும் யாரும் திரும்பிப் பாக்கலயாம்."

"எழுது. ஆனா எங்க பூட்டன நல்லவராக்கிப்புடாத. அவரு மகன்கிட்ட உள்ளதத்தான் சொன்னாரு. நீயும் உள்ளத எழுது" என்றார்.

அப்படியே எழுதினேன். நாவல் முழுவதும் அந்த ஓர் இடத்துக்காகத்தான் நடந்து வந்தது. அதை நான் வாசிக்க வாசிக்க, என் சிநேகிதி அடிப்பதை நிறுத்திவிட்டு முந்தானையால் மூக்கைத் துடைத்தாள். "இதுல ஒரு எழுத்தக்கூட மாத்தாதடீ" என்றாள். அவள்தான் சொன்னாள். வேறு யாருமில்லை.

அச்சுக்கு உதவ டவுனில் மிளகு, கராம்பு மொத்த வியாபாரம் செய்யும் முதலாளி ஒருவரைப் பிடித்ததும் அவள்தான். வெளியீட்டு விழாவில் முதல் பிரதியை அவரே வாங்குவார் என்று ஏற்பாடு. தம் முன்னோர் பெரிய கங்காணிமார் என்று சொல்லிக்கொள்வதில் அவருக்கு ஒரு பெருமை. கடையில் தலைப்பாகை கட்டிய படம் ஒன்று மாலையோடு தொங்கும். நான் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. மெய்ப்புத் திருத்தி அவள் கையில் கொடுத்தேன். அவள் அதைக் கொழும்புக்குக் கொண்டு போனாள். அச்சான பிரதிகள் விழா அன்று காலையில் நேராக மண்டபத்துக்கு வந்து இறங்கின.

குத்துவிளக்கு ஏற்றினார்கள். முதலாளிக்குப் பொன்னாடை, எனக்கு ஒரு மாலை. அப்பா இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையில் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். நூலாய்வுரைக்கு வந்த ஓய்வுபெற்ற பள்ளிக்கூட அதிபர், "என்னை உலுக்கிய இடம் இது" என்று கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசித்தார். கங்காணி தலைப்பாகையை அவிழ்க்கிறார். ஓடையில் நனைத்துக்கொண்டு வந்து அந்தப் பிள்ளையின் உதட்டில் பிழிகிறார். "பயப்படாத தாயி, நான் இருக்கேன்" என்கிறார். அவர் மடியிலேயே அவள் கண் மூடுகிறாள். அண்ணன் குழி வெட்டுகிறான்.

ஐயோ! இதில் ஒரு வரிகூட என்னுடையது இல்லையே. என் முன்னால் இருந்த பிரதியைப் புரட்டினேன். அப்படியேதான் அச்சாகியிருந்தது. நல்லாவும் எழுதியிருந்தாள், மெய்ப்பைக் கொண்டு போன பாவி. மண்டபமே மூக்கை உறிஞ்சியது. முதலாளி பொன்னாடை நுனியால் கண்ணைத் துடைத்தார். நான் எழுந்தேன். நிகழ்ச்சியைத் தொகுத்துக்கொண்டிருந்த அவள் பின்னால் வந்து என் தோளை அமுக்கி, சிரித்த முகத்தோடு, "உக்காரு. பொறகு சொல்றேன்" என்றாள். எதிரே அப்பா என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

மண்டபத்துக்குப் பின்னால், வடை சுட்டுக்கொண்டிருந்த இடத்தில் அவளைப் பிடித்தேன்.

"யாரக் கேட்டுடீ மாத்துன?"

"கத்தாத. கங்காணி வர்ற அத்தியாயத்தப் பாக்கணும்னாரு முதலாளி, காட்டினேன். இப்படி இருந்தா காசும் தரமாட்டேன், மேடைக்கும் வரமாட்டேன்னுட்டாரு. ஒரு ரெண்டு பக்கத்துக்காகப் புத்தகமே வராமப் போகவா?"

"வராமலே போயிருக்கட்டும். எங்கிட்ட ஒரு வார்த்த சொன்னியா?"

"சொன்னா விட்டிருப்பியா?" என்றவள் குரலைத் தாழ்த்தி, கண் மினுங்க என் கையைப் பிடித்தாள். "ஆனா பாத்தியா, எல்லாரும் அழுதாங்கடீ."

என்னை விற்றவள் என்னிடமே கைதட்டல் கேட்டு நிற்கிறாள். கையை உதறிவிட்டு வந்தேன். அதன்பிறகு அவளுடன் பேசவில்லை. இன்று நினைத்தாலும் பற்றிக்கொண்டுதான் வருகிறது. அந்தப் புத்தகத்தைப் படித்தவர்கள் இப்போதும் என்னைக் கண்டால் அந்தக் கங்காணியைத்தான் சொல்லிச் சொல்லிப் பாராட்டுகிறார்கள்.

சாயங்காலம் அப்பாவோடு நாவுலைக்குப் பஸ் ஏறினேன். அவர் மடியில் விழாவில் கொடுத்த பிரதி, அதன்மேல் என் மாலை. வழியில் நாலந்தா ஊர் வந்ததும் நான்தான் பேச்சை எடுத்தேன்.

"அப்பா, அந்த எடம் நான் எழுதினது இல்லப்பா. அவ மாத்திட்டா."

புத்தகத்தைத் திருப்பிப் பின்னட்டையைக் காட்டினார். "இது உம் படந்தானே?"

வளைவு வந்தது. அப்பா எழவில்லை.

"அப்பா, எடம் வந்திருச்சு."

"தெரியுது" என்றார். "அதான் தண்ணி குடுத்து, மடியில போட்டு, நல்லபடியா அனுப்பி வச்சிட்டீங்களே. இனிமே நான் எதுக்கு எந்திரிக்கணும்?"

நான் எழுந்து நின்றேன். "வாடிவென்ன, நங்கி" என்று பின்னாலிருந்து நடத்துனர் என்னைத் தங்கச்சி முறை சொல்லிச் சத்தம் போட்டார். அப்பா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.