ஸ்பானியப் படப் பாட்டும் பக்கத்துக் கதிரையும்

பிள்ளையள், இதை உங்களுக்கு நேரில சொல்ல வாய்க்கேல்லை. அதால எழுதுறன்.

போன மாதம் கிரெய்கிபர்ன் நூலகத்தில, ஸ்பானியப் படங்களுக்குள்ள இசை எப்பிடி வந்ததெண்டு ஒரு பேச்சு வைச்சவை. எனக்கு அந்தப் பாசை தெரியாது. வேலையில்லாத நாளில பழைய படங்களை டிவியில தனியப் பார்த்து அந்த இசையில விருப்பம் வந்தது. மூத்தவள், நீயும் வாறன் எண்டபடியால் ரெண்டு இடம் பதிஞ்சு, பக்கத்துக் கதிரையில என்ர ஜாக்கெட்டைப் போட்டு வைச்சன்.

ஒரு அன்ரி வந்து, "இதில ஆரும் இருக்கினமோ?" எண்டு இங்கிலீசில கேட்டா.

"ஓம், மகள் வாறா."

அவ பின் வரிசையில போய் இருந்தா. பேச்சில சொன்னவை, பேசாத படக் காலத்தில திரைக்குப் பக்கத்தில ஒருத்தர் பியானோ வாசிப்பாராம். பிறகு எங்கட படங்கள் மாதிரியே கதாநாயகிமார் நினைச்ச இடமெல்லாம் பாடிச்சினம். காலம் போகப் பாட்டுக் குறைஞ்சுது. கடைசியாக் காட்டின துண்டில ஒரு மனுசன் குசினியில அடுப்புக்குப் பக்கத்தில சும்மா நிக்கிறார். கிட்டார் மட்டும் கேக்குது.

அப்பதான் உன்ர மெசேஜ் வந்தது: "சொறி அப்பா, மறந்திட்டன்."

முடியேக்க அந்த அன்ரி பின்னாலிருந்து கதிரையில கிடந்த ஜாக்கெட்டைக் காட்டி, "உங்கட மகள் நல்ல அமைதியான பிள்ளை" எண்டு பகிடி விட்டா. நானும் சிரிச்சன்.

கோவமில்லை, பிள்ளை. அந்தக் கிட்டாரை நீயும் கேட்டிருக்கலாம்.

அண்டைக்குக் காருக்குள்ள ஏறி, மறக்கமுன்னம் அந்த மெட்டை முணுமுணுத்துப் போனில பதிஞ்சன். பிழைச்சுப் போச்சுது. அழிச்சுப்போட்டுத் திரும்பப் பாடினன்.