பிராதில் இல்லாத பாதை

வக்கீல் ஆபீசில் பதினோரு வருடமாகத் தட்டச்சு செய்கிறேன். கோபத்தை விழுங்கியே பழக்கம். ஆனால் தையல்கார அக்காவின் வழக்கை நினைத்தால் இன்றும் வயிறு எரிகிறது.

அக்கா வீட்டின் பின்னால் ஓர் ஒற்றை அறை, அதுதான் தையல்கடை. தெருவிலிருந்து அங்கே போக, பக்கத்து வீட்டு மளிகைக்காரரின் சுவரை ஒட்டி மூன்றடிப் பாதை. ஒருநாள் மளிகைக்காரர் அதில் இரும்புக் கதவு போட்டுப் பூட்டிவிட்டார். அதன்பின் அளவு கொடுக்க வரும் பெண்கள் முன்னறை வழியாகத்தான் வரவேண்டும். அங்கே அவள் கணவர் பக்கவாதம் வந்து படுத்த படுக்கையாகக் கிடக்கிறார். பெண்கள் கூச்சப்பட்டு, ஆளுக்கொரு சாக்குச் சொல்லி நின்றுவிட்டார்கள். வீடு ஓடுவதே அந்தத் தையலில்தான்.

வழக்குப் போட வந்தவள், வக்கீல் வரும்வரை என் மேசைமுன் உட்கார்ந்து கொட்டித் தீர்த்தாள். இருபத்தாறு வருடமாக அதில்தான் நடக்கிறாளாம். யாரிடமும் அனுமதி கேட்டதில்லை, யாரும் தடுத்ததுமில்லை. வக்கீல் வந்தார், நின்றபடியே சொன்னார்:

"போன வருஷம் ஒரு பாதை கேஸ் போட்டோமே, அந்தப் பிராதையே எடும்மா. பேரு, நம்பர் மட்டும் மாத்து."

அந்தப் பழைய வழக்கில் பாதை கட்சிக்காரரின் பத்திரத்திலேயே இருந்தது. அக்காவின் பத்திரத்தில் இல்லை. ஆனாலும் புதுப் பிராதில், அதாவது வழக்கு மனுவில், இருப்பதாகவே அடித்தேன். இருபத்தாறு வருடம் நடந்ததைப் பற்றி ஒரு வரி கிடையாது. 'மேலே கண்டவை என் அறிவுக்கு எட்டியவரை உண்மை' என்பதற்குக் கீழே, பெயர் மட்டும் எழுதத் தெரிந்த அக்கா கையெழுத்துப் போட்டாள். யாரும் அவளுக்குப் படித்துக் காட்டவில்லை.

எனக்கு உறுத்தியது. விசாரணைக்கு முன் பிராதைத் திருத்த மனு போடலாமே என்று வக்கீலிடம் மெல்லக் கேட்டேன். "அதெல்லாம் சாட்சியில பாத்துக்கலாம்" என்றார் பெரிய மனுஷர்.

சாட்சிக்குக் குறைவே இல்லை. தபால்காரர் சொன்னார், பழைய வாடிக்கைக்காரிகள் சொன்னார்கள். குறுக்கு விசாரணையில் மளிகைக்காரரே, அந்தம்மா இருபத்தாறு வருடமாக அதில்தான் போய்வருகிறார் என்று ஒப்புக்கொண்டார். வக்கீல் ஜெயித்தவர்போல் தன் கறுப்புக் கோட்டை இழுத்துவிட்டுக்கொண்டார்.

வழக்கு தள்ளுபடியானது. பத்திரத்தில் பாதை இல்லை; நெடுங்கால உபயோகத்தால் வந்த உரிமை பிராதில் கோரப்படவில்லை; பிராதில் சொல்லாததற்கு எவ்வளவு சாட்சியம் இருந்தாலும் பார்க்க முடியாது என்றது தீர்ப்பு. நீதிபதிமேல் எனக்குக் கோபமில்லை. எதற்குப் பதில் சொல்ல வேண்டும் என்று எதிராளிக்கு முதலிலேயே தெரிய வேண்டாமா? கோபமெல்லாம் இந்த ஆபீஸ்மேல், என் பத்து விரல்மேல்.

தீர்ப்பு நகலோடு அக்கா வந்தாள். ஜட்ஜ் சரியில்லை, அப்பீல் போடலாம் என்று வக்கீல் கூசாமல் ஆறுதல் சொன்னார். அவள் அவரைத் தாண்டி என் மேசைக்கு வந்தாள்.

"அன்னைக்கு உன்கிட்டதானே எல்லாத்தையும் சொன்னேன்?"

"ஆமாக்கா."

"அப்புறம் ஏன் எழுதல?"

பழைய பிராதைப் பார்த்து அடித்தேன், அப்படித்தான் அடிக்கச் சொன்னார் என்றேன். வக்கீல் காதில் விழட்டும் என்று சத்தமாகவே சொன்னேன்.

அவள் அவர் பக்கம் திரும்பக்கூட இல்லை. "படிக்கத் தெரிஞ்சவ நீதானே" என்றாள்.