சமாதானத்தில் விடுபட்ட பாதை

ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டிய அப்பா, ருவான்வெல்லைப் பக்கம் கொஞ்சம் காணி வாங்கிப்போட்டிருந்தார். அவர் காலமான பிறகு அதற்காக நானும் அண்ணனும் வருஷக்கணக்கில் வழக்காடினோம். அண்ணி என்னோடு பேச்சையே விட்டுவிட்டார். கடைசியில் சட்டத்தரணிகள் பேசி, அண்ணன் வீடு இருந்த ரோட்டோரம் அவருக்கு, நான் வீடு கட்டியிருந்த பின்பக்கம் எனக்கு என்று சமாதானம் ஆனது.

நீதிமன்றத்தில் நிபந்தனைகளைச் சிங்களத்தில் வாசித்தார்கள். கடைத்தெருவில் நான் சிங்களம் வெளுத்து வாங்குவேன். ஆனால் சட்டச் சிங்களம் வேறு. வழக்கு முடிந்தால் போதும் என்று எல்லாவற்றுக்கும் தலையாட்டினேன்.

"விளங்கியதா? தீர்ப்பாகப் பதிந்தால் பிறகு மாற்றுவது கஷ்டம்" என்று நீதிபதி மொழிபெயர்ப்பாளர் மூலம் கேட்டார். நான் வாயெடுப்பதற்குள் பின்னாலிருந்து அண்ணி எழுந்துவிட்டார்.

"ஐயா, பாதைய எழுதலைங்களே! நாத்தனாரு ரோட்டுக்கு எப்படி வருவாங்க? என் அடுப்படிக்குள்ள பூந்தா?"

"நீ பேசாம உக்காரு" என்றார் அண்ணன்.

"நீங்க சும்மா இருங்க. சண்டைய முடிக்கத்தானே வந்தோம்?"

நீதிபதியே சிரித்துவிட்டார். வண்டி போகுமளவு பாதை விடவேண்டும் என்று சேர்த்தெழுதி, முழுவதையும் தமிழில் சொல்லவைத்த பிறகே சமாதானத்தை ஏற்றார். நானும் அண்ணனும் கையெழுத்துப் போட்டோம்.

இப்போது யார் காணிச் சமாதானத்துக்குப் போனாலும், "முதல்ல ரெண்டு பக்கமும் சேந்து காணிய நடந்து பாருங்க. தமிழ்ல கேட்டு விளங்கினாத்தான் கையெழுத்துப் போடுங்க" என்கிறேன்.

பக்கத்தில் அண்ணி இருந்தால், "வாயாடி ஒருத்தியையும் கூட்டிட்டுப் போங்க" என்பார்.