முச்சந்தியில் கிடந்த என் பேய்கள்

கணவர் இறந்தபின் வந்த இரண்டாவது ஆடி அமாவாசையன்று நான் வாய்விட்டுச் சிரித்தேன். அதுதான் குற்றம்.

குளித்து, அவர் படத்துக்கு முன் இலை போட்டுப் படைத்து, காக்கைக்குச் சோறு வைத்து, எல்லாவற்றையும் முறைப்படி முடித்த பிறகே புத்தகத்தை எடுத்தேன். கோயம்புத்தூரில் வேலை பார்க்கும் மகள் விட்டுப்போன ஜப்பானியப் படக்கதைகள். மாங்கா என்பார்கள். பேய்களை வைத்து எழுதிய நகைச்சுவை. வலப்பக்கத்திலிருந்து படிக்க வேண்டும். அதற்கு நான் சீக்கிரமே பழகிவிட்டேன். ஒவ்வொரு பாகத்துக்கும் பழுப்புத்தாள் அட்டை போட்டு, எண் வரிசை மாறாமல் அலமாரியில் அடுக்கியிருந்தேன்.

அன்று படித்த கதையில், செத்துப்போன ஒருவர் தன் படையலுக்கு வீடு வருகிறார். தட்டைப் பார்த்து, "ஊறுகாய் எங்கே?" என்கிறார். அவர் குரல் மனைவிக்குக் கேட்காது. ஆனாலும் அவள் படத்தைப் பார்த்து, "ஊறுகாய் கிடையாது, பிரஷர்" என்று சொல்லிவிட்டு உள்ளே போகிறாள். செத்த பிறகும் பத்தியமா என்று அவர் கூரைமேல் உட்கார்ந்து அழுகிறார்.

என் கணவர் அச்சு அசல் அப்படித்தான். கண்ணில் நீர் வரச் சிரித்தேன்.

இந்தக் கதைகளில் பேய்கள் பழிவாங்க வருவதில்லை. தொலைந்த செருப்பைத் தேடி வரும், மழைக்குப் பயந்து வரும், பக்கத்து வீட்டுப் பேயோடு குப்பைக்குச் சண்டை போடும். செத்தவர்கள் தெய்வமாகிவிடாமல் பழைய தொல்லையாகவே இருக்கிறார்கள். எனக்கு வேண்டியது அதுதான். மாலையோடு சுவரில் தொங்குகிற மனிதரை எனக்குத் தெரியாது. ஊறுகாய் கேட்கிறவரைத்தான் தெரியும்.

சிரிப்புச் சத்தம் கேட்டு, அடுத்த வீட்டிலிருந்து நாத்தனார் வந்தார்.

"அண்ணி, யாருகூடச் சிரிக்கிறீங்க?"

"புத்தகம் படிக்கிறேன்."

"இதென்ன, கடைசிப் பக்கத்துலேருந்து படிக்கிறீங்க?"

"இது அப்புடித்தான் படிக்கணும்."

"கொம்பு வச்ச படம் வேற. அமாவாசையும் அதுவுமா! அண்ணன் ஆத்மா சாந்தியா இருக்க வேணாமா?"

"ஒங்க அண்ணன் என்னைக்குச் சாந்தமா இருந்தாரு?"

அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டு போனார். நானும் அத்தோடு முடிந்தது என்று நினைத்தேன்.

அந்த வெள்ளிக்கிழமை திருமயத்தில் அலுவலகம் முடிந்து பஸ்ஸில் வீடு திரும்பினால், கூடத்தில் கற்பூர வாசனை. அலமாரி காலி. மாற்றுச் சாவி நாத்தனாரிடம்தான் இருக்கும். நான் இல்லாத நேரத்தில் பேயோட்டும் கோடாங்கியை அழைத்து வந்து உடுக்கை அடிக்கவைத்திருக்கிறார். என்னைப் பிடித்திருக்கும் பேய் அந்தப் புத்தகங்களில் இருக்கிறது என்று கோடாங்கி சொல்ல, பூசணிக்காயோடும் எலுமிச்சம்பழத்தோடும் அவற்றை முச்சந்தியில் கழிப்புக் கழித்திருக்கிறார்கள். அப்படிப் போட்டதை ஊரில் ஒருவரும் தொடமாட்டார்கள், தாண்டக்கூடமாட்டார்கள்.

"என்னைக் கேக்காம எப்படி எடுத்தீங்க?" என்று, எட்டிப்பார்த்த நாத்தனாரிடம் கேட்டேன்.

"கேட்டா நீங்களா பேசுவீங்க? அதுல்ல பேசும்!"

நான் எதைச் சொன்னாலும் அது பேய் சொன்னதாகிவிடும்.

கணவர் போனபின் மாதக்கணக்கில் சோறு இறங்காமல் கிடந்தேன். அப்போது எந்தக் கோடாங்கியும் வரவில்லை. அழுவது என் வேலை என்று எல்லோரும் நிம்மதியாக இருந்தார்கள். ஒருநாள் சிரித்ததும் உடுக்கை வந்துவிட்டது.

கைப்பையை வைத்துவிட்டு முச்சந்திக்கு நடந்தேன். சிவப்புத் துணி அவிழ்ந்து கிடந்தது. ஒரு ஆடு மூன்றாம் பாகத்தின் அட்டையை மென்றுகொண்டிருந்தது. அதற்கு மட்டும்தான் பயமில்லை.

"ஏங்க, தொடாதீங்க! கழிச்சது!" என்று டீக்கடைக்காரர் கத்தினார்.

"எனக்குத்தானே கழிச்சாங்க? நான் தொடலாம்."

ஆட்டை விரட்டிவிட்டு, குங்குமத்தைத் தட்டி, அங்கேயே நின்று எண் வரிசையில் அடுக்கினேன். ஒரு பாகமும் குறையவில்லை. நெஞ்சோடு அணைத்துத் தூக்கி வந்தேன்.

நாத்தனார் வாசலில் நின்றிருந்தார். என்னைக் கண்டதும் சுவரோடு ஒட்டிக்கொண்டார்.

"உள்ள கொண்டுபோகாதீங்க அண்ணி, ஒங்களுக்குப் புண்ணியமாப் போவுது!"

"சாவியக் குடுங்க."

கையில் தரவில்லை. தரையில் வைத்துவிட்டு விலகினார். நான் குனிந்து எடுத்துக்கொண்டேன். கழித்ததை இனி அவர் தொடப்போவதில்லை. அலமாரிக்கு இதைவிட நல்ல பூட்டு கிடைக்காது. ஆனால் அந்தப் பூட்டைப் போட்டது அவர்கள் என்பதுதான் எனக்கு ஆறவில்லை.

கணவர் படத்துக்குக் கீழே நாற்காலியைப் போட்டு, விட்ட இடத்தைப் பிரித்தேன். ஊறுகாய்ப் பக்கத்தில் எலுமிச்சைச் சாறு காய்ந்திருந்தது. சிரிப்பு வரவில்லை. ஆனாலும் அடுத்த வீட்டுக்குக் கேட்கும்படி உரக்கச் சிரித்தேன்.