பத்து வருஷத்தில் சொந்தமாகும் வீடு

சோதிலிங்கத்துக்குப் பொய் சொல்ல வராது. அதை நல்ல குணம் என்று நினைத்துவிட வேண்டாம். பொய்க்குக் கொஞ்சம் கற்பனை வேண்டும். அது அவரிடம் இல்லை. ஆகவே அவர் வாயிலிருந்து வந்த இந்தச் சம்பவத்தை நடந்ததாகவே எடுத்துக்கொள்ளுங்கள். கடைசிப் பகுதிக்கு அவர் மனைவி பாலாம்பிகை சாட்சி. நம்ப விருப்பமில்லாதவர்கள் வங்கிக்குப் போய் வீட்டுக்கடன் எடுக்கலாம். அங்கே நம்புவதற்கு நிறையத் தருவார்கள்.

1991ஆம் ஆண்டு. ஜெர்மனியில் ஹம் நகரத்தில், நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர்களுக்காக ஒரு காலத்தில் கட்டிய செங்கல் வீடுகள் வரிசையாக நிற்கும் தெரு. அதில் ஒன்றைச் சோதிலிங்கம் வாங்கினார். வயது நாற்பத்தொன்று. பிள்ளைகள் இல்லை. கம்பி இழுக்கும் தொழிற்சாலையில் இரவு வேலை. இரவுக்கென்று கூடுதலாகக் கொடுக்கும் காசுக்காக அவரே கேட்டு வாங்கிய வேலை அது. ஏழு வருடத்துக்கு முன்பு அகதி முகாமில் ஒரே அறையில் ஆறு பேருடன் படுத்த மனிதர், வீடு வாங்கிய மறுநாளே வாடகைக்கு இருப்பவர்களைப் பார்த்து உதட்டைச் சுழிக்கத் தொடங்கினார்.

வீட்டைப் பிடித்துக் கொடுத்தவன் றெக்ஸ். காலையில் அகதிகளுக்கு மொழிபெயர்ப்பான், மாலையில் அவர்களுக்கு வீடு விற்பான், நாள் முழுக்க அத்தர் மணப்பான். வங்கிப் பத்திரத்தை அவன்தான் வாசித்து விளக்கினான். இரண்டு லட்சம் மார்க் கடன். மாதம் ஆயிரத்து அறுநூற்று அறுபத்தேழு. பத்து வருடம் என்று அதில் எழுதியிருந்தது. சோதிலிங்கம் பெருக்கிப் பார்த்தார். பத்து வருடத்துக்கு இரண்டு லட்சம். சரியாக வந்தது.

சீட்டுக் கட்டிப் பழகிய மூளை. சீட்டை எடுக்கும்போதே கழிவு போய்விடும். பிறகு மாதாமாதம் கட்டுவது வெறும் முதல்தான். முன்பணம் முப்பதாயிரமும் அப்படி எடுத்த சீட்டுக் காசுதான். வீடு பதியும்போது பத்திரம் எழுதிய நொத்தாரிசுக்கும் வரிக்கும் போன காசையே கழிவு என்று முடிவுகட்டினார். வங்கியென்பது கண்ணாடிக் கதவு வைத்த சீட்டுக்காரி, அவ்வளவுதான்.

புது வீட்டுக் குடிபூரலுக்குப் பால் காய்ச்சிய அன்று, நாற்பது பேர் நடுவில் பாலாம்பிகை மட்டும் கேட்டாள்.

"அப்ப வட்டி எங்கை, தம்பி?"

"அது உள்ளுக்கை இருக்கக்கா," என்றான் றெக்ஸ், வடையை மென்றுகொண்டு.

"எதுக்குள்ளை?"

"எல்லாத்துக்குள்ளையும்."

அவன் தன் வாழ்நாளில் சொன்ன ஒரே உண்மை அதுவாக இருக்கலாம். யாரும் கவனிக்கவில்லை.

"உவவுக்கு உது விளங்காது," என்றார் சோதிலிங்கம். "அம்பத்தொரு வயதிலை வீடு என்ரை. அண்டைக்கே இரவு வேலையை விட்டிடுவன். மனுசர் மாதிரி இரவிலை படுத்து, காலமை எழும்புவன். பாத்துக்கொண்டிருங்கோ."

அவருக்கு வேண்டியது அதுதான். இரவில் தூங்குவது. அதற்காகத்தான் இவ்வளவும்.

நவம்பர் நான்காம் திகதி, திங்கட்கிழமை. வேலை முடிந்து வந்து, யன்னல் அடைப்புகளை இறக்கிவிட்டுப் படுத்திருந்தார். பாலாம்பிகை எட்டு மணிக்கே அலுவலகங்கள் துடைக்கப் போய்விட்டாள். பத்து மணி பத்து நிமிடம்.

கீழே வாசல் கதவில் சாவி திரும்பியது.

மனைவி நேரத்தோடு வந்துவிட்டாள் என்று நினைத்தார். ஒரு சப்பாத்து கழன்று தரையில் விழுந்தது. டொம்... கனமான சப்பாத்து. மற்றச் சப்பாத்து விழும் என்று காத்திருந்தார். விழவில்லை. நெடுநேரம் கழித்து, அதை யாரோ சிரமப்பட்டுக் கழற்றிக் கவனமாக வைக்கும் சத்தம். பிறகு நிலவறையில் தண்ணீர் ஓடியது. பிறகு ஒன்றுமில்லை.

எழும்பிப் போய்ப் பார்த்தார். கதவு பூட்டியபடி. நிலவறைத் தரையில் ஈரம். கரித்தூள் கலந்த கறுப்பு ஈரம்.

மறுநாளும் வந்தது. அதே பத்து பத்து. புதன்கிழமை அது படிக்கட்டில் ஏறியது. ஒரு கால் ஊன்றும். மற்றக் கால் இழுபடும். டொக்... ஸ்ஸ்ஸ். டொக்... ஸ்ஸ்ஸ். நான்காம் படியில் நின்றுவிட்டது. எழும்பிப் பார்த்தபோது படிகளில் ஈரத்தடம் இருந்தது. வலது பாதம் மட்டும். இடது பாதம் இருக்க வேண்டிய இடத்தில் ஒரு கோடு.

"பகலிலை பேய் வருமோ?" என்று மனைவியிடம் கேட்டார்.

"இரவிலை வந்து ஆரை வெருட்டுறது? நீங்கள் வேலையிலை எல்லோ நிக்கிறியள்," என்றாள் அவள். சொல்லிவிட்டு அவளே சாமிப்படத்தடியிலிருந்து விபூதி எடுத்து ஒவ்வொரு படியிலும் பூசினாள். வெள்ளைக்காரப் பேய்க்கு விபூதி வெறும் சாம்பல். அடுத்த நாள் அதை மிதித்துக்கொண்டே ஏழாம் படிக்கு வந்தது.

றெக்ஸுக்குத் தொலைபேசி எடுத்தார்.

"டேய், இந்த வீட்டிலை ஆரும் செத்தவையோ?"

"என்னண்ணை விசர்க்கதை! ஒருத்தரும் சாகேல்லை. அம்மாவாணை." பிறகு குரலைத் தாழ்த்தினான். "உதை வெளியிலை கதைச்சுப்போடாதேங்கோ. வுப்பர்டாலிலை தம்பித்துரையண்ணைக்கு ஒரு வீடு பேசிக்கொண்டிருக்கிறன். உங்களைத்தான் சாட்சிக்குக் காட்டுறன்."

பூட்டை மாற்றியே ஐந்து மாதமாகிறது, பழைய சாவியால் திறக்க ஏலாது என்று சோதிலிங்கம் தனக்குத் தானே சொல்லிக்கொண்டார். சாவி அதைக் கேட்கவில்லை.

நவம்பர் பதினெட்டு. பத்து பத்து.

சாவி. டொம்... தண்ணீர். படிக்கட்டு.

இந்தமுறை எங்கும் நிற்கவில்லை. மேல்தளத்துக்கு வந்தது. படுக்கையறைக் கதவுக்கு வெளியே நின்றது. மூச்சு இரைந்தது. சுரங்கத்தில் கரித்தூள் குடித்த நெஞ்சின் இரைச்சல்.

கதவில் மூன்று தட்டு.

ஒரு கிழட்டுக் குரல், ஜெர்மனில் கேட்டது.

"இன்னும் எவ்வளவு காலம்?"

வேறொருவராக இருந்தால் மயங்கியிருப்பார், அல்லது தேவாரம் சொல்லியிருப்பார். சோதிலிங்கம் தனக்குத் தெரிந்ததைச் சொன்னார். போர்வைக்குள்ளிருந்து, ஜெர்மனில்.

"பத்து வருடம்."



பிறகு அது சிரித்தது.

மெல்லத் தொடங்கி, இருமி, மூச்சு முட்டி, சுவரில் கையால் அடித்து அடித்துச் சிரித்தது. படியிறங்கும்போதும் சிரித்தது. வாசல் கதவு சாத்திய பிறகும் தெருவில் அந்தச் சிரிப்புப் போய்க்கொண்டிருந்தது.

பயந்து, பேய் விரட்டுபவரைத் தேடிப் போயிருக்கலாம். அவர் வங்கிக்குப் போனார். அந்தச் சிரிப்பில் அவருக்குப் பட்டது பயத்தைவிட அவமானம். பிழையாகக் கணக்குச் செய்த பிள்ளையைப் பார்த்து வாத்தியார் சிரிக்கும் சிரிப்பு அது.

டெர்மீன், அதாவது சந்திப்பு நேரம், வியாழக்கிழமைக்குக் கிடைத்தது. முகப்பரு மாறாத ஒரு பொடியன் கணினியைத் தட்டினான்.

"இருபத்தேழு வருடம்," என்றான். "அதுவும் வட்டி இப்போதுள்ள ஒன்பது வீதத்திலேயே இருந்தால்."

"பத்து வருடம் என்று எழுதியிருக்கிறதே?"

"அது இந்த வட்டி மாறாமல் இருக்கும் காலம். பத்து வருடம் முடியும்போது இன்னும் ஒரு லட்சத்து எழுபதாயிரம் மீதி இருக்கும். அப்போது புது வட்டி பேசிக்கொள்வோம்."

"அப்போ நான் கட்டுகிற காசு?"

"மாதம் ஆயிரத்து ஐந்நூறு வட்டிக்குப் போகிறது. மிச்சம் நூற்று அறுபத்தேழு கடனில் கழியும்." பொடியன் புன்னகைத்தான். "மொத்தத்தில் ஐந்து லட்சத்து முப்பத்துநாலாயிரம் கட்டுவீர்கள். வீடு உங்களுடையது!"

வங்கியின் பெயர் போட்ட ஒரு பேனையும் இலவசமாகக் கொடுத்தான்.

ஐந்து மாதத்தில் எட்டாயிரத்துக்கு மேல் கட்டியிருந்தார். கடனில் குறைந்தது எண்ணூற்றுச் சொச்சம். அதாவது அந்த வீட்டில் அவருக்குச் சொந்தமாகியிருந்தது நிலவறைப் படிக்கட்டில் ஒரு படி. அதையும் பேய் மிதித்துக்கொண்டிருந்தது. நாற்பத்தொன்றும் இருபத்தேழும் அறுபத்தெட்டு. அறுபத்தெட்டு வயதுவரை இரவில் கம்பி இழுத்து, பகலில் இருட்டறையில் படுக்க வேண்டும்.

அன்று மாலை தம்பித்துரை வுப்பர்டாலிலிருந்து தொலைபேசியில் கேட்டார்.

"அண்ணை, றெக்ஸ் பத்து வருஷம் எண்டுறான். மெய்யோ? நான் நாளைக்குக் கையெழுத்து வைக்கப்போறன்."

சோதிலிங்கத்துக்குப் பொய் சொல்ல வராது என்று முதலே சொன்னேன். உண்மை சொல்லவும் அவருக்கு வரவில்லை. நாற்பது பேருக்கு வடை கொடுத்துப் பேசிய வீரம் அப்படி.

"றெக்ஸ் சொன்னாச் சரியாத்தான் இருக்கும்," என்றார்.

மறுநாள், வெள்ளிக்கிழமை. பத்து பத்து.

டொக்... ஸ்ஸ்ஸ். டொக்... ஸ்ஸ்ஸ்.

மூன்று தட்டு.

"இன்னும் எவ்வளவு காலம்?"

சோதிலிங்கம் எழும்பி உட்கார்ந்தார்.

"இருபத்தேழு."

சிரிப்பு வரவில்லை.

நீண்ட மூச்சொன்று... இரண்டு தோளிலிருந்தும் மூட்டை இறக்கியவன் விடும் மூச்சு.

பிறகு அது படியிறங்கியது.

டொக். டொக். டொக்.

இழுபடும் சத்தம் இல்லை.

கீழே போய்ப் பார்த்தார். கதவுக்கு உட்புறம் ஒரு சாவி கிடந்தது. பழைய பூட்டின் சாவி. தொட்டுப் பார்த்தார்.

சுட்டது.

அதற்குப் பிறகு அது வரவில்லை.

அடுத்த ஏப்ரலில், வேலிக்கு அப்பால் செடி வெட்டிக்கொண்டிருந்த பக்கத்து வீட்டு டொம்ப்ரோவ்ஸ்கி அம்மாளிடம் சோதிலிங்கம் மெல்லக் கேட்டார். இந்த வீட்டில் முன்பு இருந்தவர் எப்போது செத்துப்போனார்?

"கலூஸாவா? அவர் ஏன் சாகிறார்? ஞாயிற்றுக்கிழமைகூட கேக் கொண்டுபோய்க் கொடுத்தேனே!"

கலூஸா சுரங்கத்தில் இரவு வேலை செய்தவர். இந்த வீட்டின் கடனை இருபத்தாறு வருடம் கட்டினார். கட்டி முடித்த வருடமே வாதம் வந்து இடது கால் போய்விட்டது. மகன்மார் முதியோர் இல்லத்தில் சேர்த்து, அந்தச் செலவுக்காக வீட்டை விற்றுவிட்டார்கள். சோதிலிங்கம் வாங்கிய வீட்டின் விலை மாதம் மாதமாக ஒரு கட்டிலுக்குப் போய்க்கொண்டிருந்தது.

"இலையுதிர் காலத்தில் ஒரு கூத்து," என்றாள் டொம்ப்ரோவ்ஸ்கி அம்மாள். "காலை பத்து மணியானால் ஆளை எழுப்பவே முடியாது. தாதிகள் உலுக்குவார்கள், கிள்ளுவார்கள். கட்டை மாதிரிக் கிடப்பார். உள்ளங்காலில் கரித்தூள்! கட்டிலை விட்டு இறங்காத மனிதருக்கு. ஒருநாள் எழும்பி, 'பத்து வருடமாம், பத்து வருடமாம்' என்று விழுந்து விழுந்து சிரித்தார். நவம்பரில் ஒரு வெள்ளிக்கிழமையோடு எல்லாம் நின்றுவிட்டது. 'என் முறை முடிந்தது, மாற்றாள் வந்துவிட்டான்' என்று சொன்னாராம். இப்போது நன்றாகத் தூங்குகிறார். இரவில்."

சோதிலிங்கம் இதைப் பாலாம்பிகையிடம் அன்றே சொன்னார். அவள் நம்பவில்லை.

1992 ஒக்டோபரில் அவளுக்குக் காய்ச்சல் வந்தது. வேலைக்குப் போகாமல் கீழே சோபாவில் படுத்திருந்தாள். சோதிலிங்கம் மேலே தூங்கிக்கொண்டிருந்தார். தொலைபேசி அடித்தது. சுவர்க்கடிகாரத்தைப் பார்த்தாள். பத்து பத்து.

"அக்கா, றெக்ஸ். அண்ணையை ஒருக்காக் கூப்பிடுங்கோ. கெதியா!"

மேலே போய் எழுப்பினாள். கணவர் எழும்பவில்லை. உலுக்கினாள். கன்னத்தில் தட்டினாள். கண் பாதி திறந்திருந்தது. மூச்சு இருந்தது. ஆள் இல்லை.

இறங்கி வந்து தொலைபேசியை எடுத்தாள்.

"அவர் எழும்புறார் இல்லை. என்னடா?"

"நான் வுப்பர்டாலிலை, தம்பித்துரையண்ணை வாங்கின வீட்டிலை நிக்கிறன். கீழ்த்தளத்திலை. அவர் மேலை அறையைப் பூட்டிக்கொண்டு நிக்கிறார். கதவடியிலை ஆரோ நிண்டு கேக்கினமக்கா... ஒருத்தரையும் காணேல்லை. குரல் மட்டும்."

"என்ன கேக்கினம்?"

"இன்னும் எவ்வளவு காலம் எண்டு. அக்கா... எங்கட தமிழிலை கேக்கினம்."

தொலைபேசிக்குள், எங்கோ உயரத்திலிருந்து, தம்பித்துரை அழுதுகொண்டே கத்துவது அவளுக்குக் கேட்டது.

"பத்து வருஷம்! பத்து வருஷம்!"

மேலே, படுக்கையறையில், சோதிலிங்கம் சிரிக்கத் தொடங்கினார்.