எடுத்து வளர்த்தவர்கள்

சிட்னியில், லிட்கம்மில் நாங்கள் இருந்த எழுபதுகளில், அம்மா ஓர் ஆஸ்பத்திரியின் சலவைக்கூடத்தில் வேலை செய்தார். அங்கே கறுத்த பெண்கள் இரண்டே பேர். ஒருவர் அம்மா; மற்றவர் இந்த மண்ணின் பூர்வகுடியான டோரீன் அன்ரி. மேற்பார்வையாளர் இருவரையும் ஒரே பெயரால்தான் கூப்பிடுவாராம். யாருக்குக் கை ஓய்வோ அவர் திரும்பிப் பார்ப்பார். அப்படித்தான் சிநேகிதம் பிடித்தது. அம்மாவுக்கு இங்கிலிஷில் இருபது சொல் தெரியும். டோரீன் அன்ரிக்குத் தமிழில், ஆமாம் என்பதற்கான ‘ஓம்’ மட்டும் தெரியும். அது அவர்களுக்குப் போதுமாயிருந்தது.

எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் கண்ட முதல் ஆள் நான். பத்து வயது. டாக்டரிடம், கடையில், பஸ்ஸில், எல்லா இடத்திலும் அம்மாவுக்கு நானே வாய். அப்பா என்னை “எங்கட துரைசாணி” என்பார். கேலிதான், நான் அதைப் பட்டமாக வைத்துக்கொண்டேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை படம் எடுப்பவர்கள் எங்கள் வீட்டுக்கு வந்தார்கள். பிறர் வீடுகளிலும் சலவைக்கூடங்களிலும் உழைத்த கறுப்புப் பெண்களின் கதையை யாரும் எழுதிவைக்கவில்லை, அதை அவர்கள் வாயாலேயே பதியப்போகிறோம் என்றாள் அவர்களில் ஓர் இளம்பெண். டோரீன் அன்ரி மாதக்கணக்கில் மறுத்துவிட்டு ஒரே நிபந்தனையோடு சம்மதித்திருந்தார்: பேசும்போது என் அம்மா பக்கத்தில் இருக்க வேண்டும். பெற்ற பிள்ளைகளுக்கும் சொல்லாத கதை. அதனால்தான் எங்கள் குசினி.

அம்மா, கூறைச்சேலைக்கு அடுத்த நல்ல சேலையை உடுத்துக்கொண்டு வந்து உட்கார்ந்து, என்னைத் தன் கதிரைக்குப் பின்னால் நிறுத்தினார்.

“அவ சொல்லுறதை மெல்லமா என்ரை காதிலை சொல்லு பிள்ளை. ஒண்டும் விடாதை.”

கமரா ஓடத் தொடங்கியது. டோரீன் அன்ரி மேசைவிரிப்பை நெடுநேரம் தடவிக்கொண்டிருந்தார். பிறகு, தனக்கு ஐந்து வயதில் வெல்பெயார் வந்து தன்னை எடுத்துக்கொண்டு போனது என்றார்.

எனக்குத் தெரியாத இங்கிலிஷா! வெல்பெயார் என்றால் நலன். நலனுக்காக எடுத்தார்கள் என்றால் வேறென்ன?

“சின்னனிலை நல்ல ஆக்கள் இவவை எடுத்து வளர்த்தவையாம், அம்மா.”

அம்மாவின் முகம் மலர்ந்தது. தோழியின் கையைப் பிடித்து, தன் இருபது சொல்லில் துழாவி, “குட் பீப்பிள்! யூ லக்கி!” என்றார்.

டோரீன் அன்ரி கையை மெல்ல உருவிக்கொண்டார். “என்னைக் கொண்டுபோனவர்கள் சொன்னதையேதான் இவளும் சொல்கிறாள்,” என்று அந்த இளம்பெண்ணிடம் இங்கிலிஷில் சொன்னார். சட்டையில் குத்தியிருந்த ஒலிவாங்கியைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டு எழுந்து போனார். அந்தப் பெண் வாசல்வரை கெஞ்சிக்கொண்டே ஓடினாள்.

அந்தப் படத்தைப் பல வருடங்களுக்குப் பிறகு பல்கலைக்கழகத்தில் பார்த்தேன். எத்தனையோ பெண்கள் பேசினார்கள். டோரீன் அன்ரி இல்லை. வெல்பெயார் என்றால் அரசாங்கத்தின் கார் என்றும், எடுத்தது என்றால் பூர்வகுடிப் பிள்ளைகளைத் தாயின் இடுப்பிலிருந்து பறித்தது என்றும் அவர்கள் சொல்லித்தான் எனக்குத் தெரியும்.

அன்று ஒன்றும் தெரியாது. பின்னேரம் அம்மா கோப்பைகளைக் கழுவியபடி கேட்டார்.

“நான் ஏதும் பிழையாச் சொல்லிப்போட்டனோ?”

“இல்லை அம்மா. அவவுக்கு இங்கிலிஷ் வடிவா வராது.”

படித்த பிள்ளை சொன்னதை அம்மா நம்பினார். மறுநாள் டோரீன் அன்ரிக்கென்று மீன் பொரித்துக் கட்டிக்கொண்டு வேலைக்குப் போனார். பொட்டலம் பிரிக்காமலே திரும்பி வந்தது. அவவுக்குப் பசியில்லையாக்கும் என்று நினைத்து நானே எல்லாவற்றையும் சாப்பிட்டேன். நல்ல ருசி.